ஊர்ப்பெயரால் ஆடியவர்கள்

ஓர் இயக்கத்தின் வரலாற்றை எழுதப் புகுவோர் பெரும்பாலும் மேடையில் அமர்ந்தவர்களிலிருந்தே தொடங்குவர். தலைவர் யார், செயலர் யார், எந்த மாநாட்டில் எத்தீர்மானம் நிறைவேறியது என்பன ஏடுகளில் பதிவாகியிருப்பதால் அவற்றைத் திரட்டுவது எளிது. மேடைக்குக் கீழே இருந்தவர்கள் செய்ததற்குப் பல வேளைகளில் ஒரு பெயர்ப்பட்டியல்கூட எஞ்சுவதில்லை. அயர்லாந்து நாட்டின் ஹர்லிங் ஆட்டம் இதற்கு ஒரு புறநடை எனலாம். 1887-ஆம் ஆண்டில் அந்நாட்டு ஊர்க்கழகங்களுக்கிடையே நடைபெற்ற மாவட்டப் போட்டிகளும், அவற்றின் முடிவாக 1888 ஏப்ரல் முதல் நாள் பிர் என்னும் சிற்றூரில் நிகழ்ந்த இறுதியாட்டமும், மேடை ஆட்டங்கண்ட காலத்தில் ஆடுகளம் எவ்வாறு நிலைத்து நின்றது என்பதைத் தெளிவாகக் காட்டுகின்றன.

ஆட்டமும் அதன் தொன்மையும்

ஹர்லிங் மட்டையாலும் பந்தாலும் ஆடப்படுவது. மட்டையை ஐரிஷ் மொழியில் கமான் என்பர். ஆஷ் மரத்தின் அடிப்பகுதியில், தண்டு வேரோடு சேருமிடத்து இயல்பாக அமைந்த வளைவைப் பயன்படுத்தி அதனைச் செய்வர். நுனி பட்டையாக அகன்றிருக்கும். தோல் போர்த்திய சிறு பந்துக்கு ஸ்லிட்டர் என்று பெயர். பந்தைத் தரையிலும் அடிக்கலாம். வானில் பறக்கும்போதும் அடிக்கலாம். இன்றைய விதிப்படி, எதிரணியின் கம்பங்களுக்கிடையே குறுக்குச் சட்டத்துக்குக் கீழே பந்து சென்றால் கோல். மேலே சென்றால் ஒரு புள்ளி. ஒரு கோல் மூன்று புள்ளிகளுக்கு ஈடாகும். அணிக்குப் பதினைவர் ஆடுவர்.

இவ்வாட்டத்தின் தொன்மைக்கு இலக்கியமே முதற்சான்று. அயர்லாந்தின் பழங்கதைத் தொகுதியின் நடுநாயகமான கூகுலின், தன் மட்டையையும் பந்தையும் எடுத்துக்கொண்டு தனியனாய் அரசவையை நோக்கிப் புறப்பட்ட சிறுவன். வழியின் நெடுமையை மறக்கப் பந்தை முன்னே அடித்து, ஓடிச்சென்று பிடித்துக்கொண்டே நடந்தவன். அவையின் நூற்றைம்பது சிறுவரை எதிர்த்துத் தனியே ஆடியவன். சட்டமும் சான்று தருகின்றது. 1366-இல் இயற்றப்பட்ட கில்கென்னிச் சட்டங்கள், அங்குக் குடியேறிய ஆங்கிலேயர் இவ்வாட்டத்தை ஆடலாகாது என்று தடுத்தன. 1527-இல் கால்வே நகரமும் இத்தகைய தடையை விதித்தது. தடை மீண்டும் மீண்டும் தேவைப்பட்டதிலிருந்து, அதனை மக்கள் எந்த அளவுக்குப் பொருட்படுத்தினர் என்பதை உய்த்துணரலாம்.

பதினெட்டாம் நூற்றாண்டில் நிலக்கிழார்கள் சிலர் தத்தம் குடிகளைக் கொண்டு அணிகளை அமைத்து, பந்தயம் கட்டி ஆடச் செய்தனர். அந்நூற்றாண்டின் இறுதியில் அவ்வாதரவு குன்றியது. 1845-இல் உருளைக்கிழங்குப் பயிரை நோய் தாக்கியதால் தொடங்கிய பெரும் பஞ்சம் எஞ்சியதையும் சிதைத்தது. 1841-ஆம் ஆண்டுக் குடிக்கணக்கில் 81 இலட்சத்துக்கு மேலிருந்த மக்கள் தொகை 1851-இல் 65 இலட்சமாகச் சுருங்கியது. ஏறத்தாழப் பத்து இலட்சம் பேர் மாண்டனர். அதனினும் மிகுதியானோர் கப்பலேறினர். ஆட இளைஞர் இல்லாத ஊரில் ஆட்டம் இராது. பேச முதியோர் இல்லாத ஊரில் மொழியும் இராது. இரண்டும் ஒருங்கே தேய்ந்தன. நாட்டின் சில பகுதிகளில் மட்டும் பழைய ஆட்டம் உயிர் தரித்திருந்தது.

நிறைவுறாத ஓர் ஆட்டம்

மைக்கேல் கியூசாக் 1847-இல், பஞ்சத்தின் நடுவில், கிளேர் மாவட்டத்தில் கேரன் என்னும் ஊர்ப்பகுதியில் பிறந்தவர். ஐரிஷ் மொழியைத் தாய்மொழியாகக் கொண்டவர், ஆசிரியர். 1877-இல் டப்ளின் நகரில் அரசுப் பணித் தேர்வுகளுக்கு மாணவரை ஆயத்தம் செய்யும் பயிலகம் ஒன்றை நிறுவினார். ஆட்டமும் மொழியும் ஒரு மரத்தின் இரு கிளைகள் என்பது அவர் கொள்கை. தலைநகரில் மறைந்துபோன ஹர்லிங்கை மீட்டெடுக்க எண்ணி, மெட்ரோபாலிட்டன்ஸ் என்னும் கழகத்தைத் தோற்றுவித்தார்.

1884-ஆம் ஆண்டு உயிர்ப்பு ஞாயிற்றுக்கு மறுநாள், அக்கழகம் கால்வே மாவட்டத்துக் கில்லிமோர் ஊரணியோடு ஆடுவதற்காகப் பாலினஸ்லோ நகருக்குச் சென்றது. நகரத்தார் ஒரு விதியை எதிர்பார்த்தனர். ஊரார் தம் முன்னோர் ஆடிய விதியில் ஆடினர். நகரத்தார்க்கு முரட்டுத்தனமாகத் தோன்றியது ஊரார்க்கு ஆட்டத்தின் இயல்பாகவே இருந்தது. சச்சரவு எழுந்தது, ஆட்டம் நிறைவுறாமலே நின்றது.

கியூசாக்குக்கு இந்நிகழ்ச்சி ஒரு பாடமாயிற்று. பழமை உயிரோடிருந்தால் மட்டும் போதாது. ஓரூர் மற்றோர் ஊரோடு ஆட வேண்டுமானால் இரண்டுக்கும் பொதுவான விதி வேண்டும். தன் ஊருக்குள் மட்டும் செல்லுபடியாகும் விதியைக் கொண்ட ஆட்டம் வழக்கமாக நீடிக்கலாமேயன்றி, நாட்டின் ஆட்டமாக வளர இயலாது.

தர்லஸ் கூட்டம்

1884 நவம்பர் முதல் நாள், டிப்பரரி மாவட்டத்துத் தர்லஸ் நகரில் ஹேய்ஸ் விடுதியில் ஒரு சிறு கூட்டம் நடந்தது. வந்தவர் மிகச் சிலர். எழுவரின் பெயர்களே பொதுவாகச் சுட்டப்பெறுகின்றன. அவர்களுள் ஒருவர் காவல்துறை அதிகாரி என்பது வியப்புக்குரியது. அக்கூட்டத்தில் கேலிக் விளையாட்டுச் சங்கம் பிறந்தது. புகழ்பெற்ற தடகள வீரரான மாரிஸ் டேவின் தலைவரானார். கியூசாக் செயலர்களுள் ஒருவரானார். பேராயர் குரோக், நாடாளுமன்றத் தலைவர் பார்னல், நில உரிமைப் போராட்டத்தின் முதல்வர் மைக்கேல் டேவிட் ஆகிய மூவரும் புரவலராக இசைந்தனர். விதிகளை எழுத்தில் வடிக்கும் பணியை டேவின் ஏற்றார். 1885-இன் தொடக்கத்தில் அவை வெளியாயின.

சங்கத்தின் வளர்ச்சிக்கு மற்றொரு காரணமும் உண்டு. அந்நாளைய தடகளப் போட்டிகள் பெரும்பாலும் கனவான்களுக்கு உரியனவாக இருந்தன. கைத்தொழிலாளரும் கூலியாளரும் பங்கேற்கத் தடைகள் இருந்தன. புதிய சங்கம் தன் ஆட்டங்களை ஞாயிற்றுக்கிழமைகளில் நடத்தியது. வாரத்தில் ஆறு நாளும் உழைப்பவனுக்கு ஓய்வு கிடைப்பது அன்று ஒருநாளே. இந்த எளிய முடிவினால் உழவனும் கூலியாளும் கடைச் சிப்பந்தியும் களத்துக்கு வந்தனர். நாட்டின் பல பகுதிகளிலும் காட்டுத்தீ போலக் கழகங்கள் தோன்றின.

ஆயின் நிறுவனரின் நிலை வேறாயிற்று. கியூசாக் கடுஞ்சொல்லர், கணக்கையும் கடிதங்களையும் பேணுவதில் கருத்தற்றவர் என்ற குறையும் எழுந்தது. 1886 சூலையில், சங்கம் பிறந்து இரண்டாண்டு நிறையும் முன்னரே, செயலர் பொறுப்பிலிருந்து அவர் நீக்கப்பட்டார். 1887 முழுவதும், தாம் தொடங்கிய 'கெல்டிக் டைம்ஸ்' என்னும் வார இதழில், தாம் பெற்றெடுத்த சங்கத்தின் நிருவாகத்தையே அவர் கண்டித்து எழுதிவந்தார். முதற் போட்டிகள் நடந்த பருவமும் அதுவே.

மாவட்டப் போட்டிகள்

1887-ஆம் ஆண்டுக்கு வகுக்கப்பெற்ற திட்டம் எளியது. அயர்லாந்தின் முப்பத்திரண்டு கவுண்டிகளும், அதாவது மாவட்டங்களும், தம்முள் கழகங்களுக்கிடையே போட்டி நடத்தவேண்டும். வென்ற கழகமே அம்மாவட்டத்தின் பெயரால் பிற மாவட்டங்களின் வாகையரை எதிர்கொள்ளும். சிறந்த வீரரைப் பலவூர்களிலிருந்தும் பொறுக்கியெடுத்து மாவட்ட அணி அமைக்கும் முறை அன்று இல்லை. ஓர் ஊரே மாவட்டமாக நின்றது. சுற்றுப்புறத்து வீரர் சிலர் வென்ற கழகத்தோடு இணைந்துகொள்ளினும் அணி அந்த ஊரின் அணியே.

ஊர் என்று இங்குக் குறிப்பது பெரும்பாலும் பங்கு எனப்படும் கோயில் எல்லையை. ஞாயிறு காலையில் ஒரே பூசையில் முழந்தாளிட்டவர்கள் அன்று பிற்பகல் ஒரே அணியாய் நின்றனர். கழகங்களின் பெயர்களும் ஆராயத்தக்கன. சில தம் ஊர்ப்பெயரையே தாங்கின. பல, வரலாற்றில் தோற்ற தலைவர்களின் பெயர்களைச் சூடின. கிளேர் மாவட்டத்தின் வாகையராக வந்த கழகத்தின் பெயர் ஸ்மித் ஓ'பிரையன்ஸ். 1848-இல் கிளர்ச்சி செய்து தோற்று, மரண தண்டனை விதிக்கப்பெற்று, பின் தாஸ்மேனியாவுக்கு நாடு கடத்தப்பட்ட வில்லியம் ஸ்மித் ஓ'பிரையனின் நினைவு அது. தர்லஸ் நகரக் கழகம் பின்னாளில் சார்ஸ்பீல்ட்ஸ் என்று பெயர் பூண்டது. 1690-இல் லிமெரிக் நகரைக் காத்து நின்று, பின் அயல்நாட்டுப் போர்க்களத்தில் மடிந்த பேட்ரிக் சார்ஸ்பீல்டின் பெயர் அது. பள்ளிப் பாடநூல் சொல்லாத வரலாற்றை ஆடுகளத்தின் ஆரவாரம் சொல்லிற்று. காவல்துறையின் மறைமுகக் கண்காணிப்பு இக்கழகங்களைத் தொடர்ந்ததில் வியப்பில்லை.

எனினும் ஊர்ப்பற்றை உயர்த்திப் பேசுவதோடு அமையலாகாது. அதன் மறுபக்கமும் இப்பருவத்திலேயே வெளிப்பட்டது. போட்டிக்குப் பெயர் கொடுத்த மாவட்டங்கள் பன்னிரண்டு. ஹர்லிங்கில் உண்மையாகவே களமிறங்கியவை கிளேர், கால்வே, கில்கென்னி, டிப்பரரி, வெக்ஸ்போர்டு ஆகிய ஐந்து. கார்க் மாவட்டத்தில், மாவட்டத்தின் பெயரால் ஆடும் உரிமை எக்கழகத்துக்கு என்னும் வழக்குத் தீராமையால் யாருமே ஆடவில்லை. ஊர்ப்பற்று ஆட்டத்தை வளர்த்தது. விதிக்கு அடங்காதவிடத்து அதுவே ஆட்டத்தைக் கெடுத்தது. பாலினஸ்லோவில் கற்ற பாடம் நாடு முழுவதும் இன்னும் சென்று சேரவில்லை எனலாம்.

ஐந்து மாவட்டங்களின் வாகையர்: கிளேருக்கு ஸ்மித் ஓ'பிரையன்ஸ், கில்கென்னிக்கு டுல்லரோன், வெக்ஸ்போர்டுக்குக் காசில்பிரிட்ஜ், கால்வேக்கு மீலிக், டிப்பரரிக்குத் தர்லஸ். தர்லஸ் அணி கிளேர் அணியையும் பின் கில்கென்னி அணியையும் வென்று இறுதியாட்டத்துக்கு உரியதாயிற்று. மறுபுறத்திலிருந்து வந்தது மீலிக். ஷேனன் ஆற்றங்கரையில் அமைந்த சிற்றூர்.

மேடையில் பிளவு

அவ்வாண்டுக்குள்ளேயே நடந்தேறியிருக்க வேண்டிய இறுதியாட்டம் அடுத்த ஆண்டுக்குத் தள்ளிப்போனது. மேடையில் எழுந்த பிளவும் அந்நாள்களிலேயே முற்றியது. 1887 நவம்பர் 9 அன்று தர்லஸ் நகரில் சங்கத்தின் மாநாடு கூடியது. படை கொண்டு விடுதலை பெறவேண்டும் என்ற உறுதியுடைய ஐரிஷ் குடியரசுச் சகோதரர் அமைப்பினர் சங்கத்தைத் தம் வயப்படுத்த முனைந்திருந்தனர். அதற்கு உடன்படாத குருமாரும் அவர்தம் ஆதரவாளரும் மாநாட்டினின்றும் வெளியேறினர். டேவின் தலைமையில் இல்லை. கிளேர் மாவட்டத்து எட்வர்ட் பென்னட் புதிய தலைவராகத் தேர்ந்தெடுக்கப்பட்டார். பேராயர் குரோக் தம் ஆதரவை விலக்கிக்கொண்டார். மூன்றே ஆண்டு வயதுடைய சங்கம் இரண்டாக உடையும் நிலை வந்துற்றது.

பின் டேவிட் முதலானோர் இடைநின்று பேசினர். 1888 சனவரி 4 அன்று மாநாடு மீண்டும் கூடியது. டேவின் மறுபடியும் தலைவரானார். பிளவு மேலோட்டமாக ஒட்டப்பட்டது. இம்மாதங்களின் வரலாற்றை எழுதியோர் பலரும் மாநாட்டு அரங்கின் கூச்சலையே விரித்துரைப்பர். அதே காலத்தில் தர்லஸிலும் மீலிக்கிலும் இளைஞர் மட்டை செதுக்கி ஆடிப் பழகி, அறிவிக்கப்படாத ஒரு நாளுக்காகக் காத்திருந்தனர் என்பது அவ்வளவு விரிவாக எழுதப்படவில்லை. சங்கம் எவர் கையில் இருந்தாலும், தம் ஊர் ஆடவேண்டும் என்பதே அவர்தம் கவலை. அந்தக் கவலைதான் சங்கத்தைக் காத்தது.

பிர் நகரின் ஞாயிறு

1888 ஏப்ரல் முதல் நாள் உயிர்ப்பு ஞாயிறு. கால்வே, டிப்பரரி ஆகிய இரு மாவட்டங்களின் எல்லைகளுக்கும் அண்மையிலுள்ள பிர் நகரத்து வயல்வெளி ஒன்று ஆடுகளமாயிற்று. அன்றைய முறைப்படி அணிக்கு இருபத்தொருவர். ஆட்டம் ஒரு மணி நேரம். ஒரு கோல் எத்தனைப் புள்ளிகளையும் விஞ்சும் என்பது அக்கால விதி.

தர்லஸ் அணி முழுமையாக வரவில்லை. பயணச் செலவை யார் ஏற்பது என்னும் பிணக்கினால், அணித்தலைவராக இருந்த டெனிஸ் மேஹரும் வேறு சிலரும் வர மறுத்தனர். இப்பிணக்கை அற்பம் என்று ஒதுக்குதல் பொருந்தாது. தம் உழைப்பில் வாழ்ந்த அம்மக்களுக்கு இரயில் கட்டணம் சிறு தொகையன்று. ஊருக்காக ஆடுபவன் தன் கைப்பொருளையும் இழக்கவேண்டுமா என்னும் வினா, பொதுப்பணி எதனிலும் எழும் நியாயமான வினா. அதற்கு அன்று விடை கிடைக்கவில்லை. அவர்களிடத்தில் வேறு சிலர் நின்றனர். ஜிம் ஸ்டேப்பிள்டன் தலைமை ஏற்றார்.

ஆட்டத்தில் தர்லஸின் டாமி ஹீலி அடித்த கோலே அனைத்தையும் முடிவு செய்தது. தர்லஸ் ஒரு கோலும் ஒரு புள்ளியும் பெற்றது. மீலிக் ஏதும் பெறவில்லை. அனைத்து அயர்லாந்து ஹர்லிங் போட்டியின் முதல் வாகையாக டிப்பரரி வரலாற்றில் பதிந்தது. வெற்றிக்கோப்பை ஏதுமில்லை. பதக்கங்களும் அன்று வழங்கப்படவில்லை. ஏறத்தாழக் கால் நூற்றாண்டு கழிந்த பின்னரே அவை வந்து சேர்ந்தன. இளமையில் வென்றவர்கள் நரை கண்ட பின் அதனைப் பெற்றனர்.

இவ்வாட்டத்தின் சிறப்பு ஒரு கோலிலும் ஒரு புள்ளியிலும் அடங்குவதன்று. 1884-இன் உயிர்ப்புத் திருநாளை ஒட்டிப் பாலினஸ்லோவில் தொடங்கிய ஆட்டம் நிறைவுறவில்லை; 1888-இன் உயிர்ப்புத் திருநாளில் பிர் நகரில் தொடங்கிய ஆட்டம் நிறைவுற்றது. கில்லிமோரைப் போலவே மீலிக்கும் கால்வே மாவட்டத்துக் கிழக்குப் பகுதி ஊரே, பழமரபில் ஊறியதே. ஆயினும் இம்முறை அவ்வூரார் வேற்றூரில், பொது விதிக்கு உட்பட்டு, நடுவரின் தீர்ப்பை ஏற்று, தோல்வியையும் ஏற்றுத் திரும்பினர். இந்நான்கு ஆண்டுகளில் விளைந்த மாற்றம் இதுவே. இம்மாற்றம் தலைவர்களின் தீர்மானத்தால் மட்டும் விளைந்ததன்று. ஒவ்வொரு மாவட்டத்திலும் ஒவ்வொரு ஞாயிறும் ஊரோடு ஊர் ஆடிப் பழகியதால் விளைந்தது.

தளர்ச்சியும் தொடர்ச்சியும்

அடுத்த ஆண்டுகள் இனியனவாக அமையவில்லை. 1888-இல் சங்கத்தின் வீரர் ஏறத்தாழ ஐம்பதின்மர் அமெரிக்கா சென்றனர். நிதி திரட்டும் நோக்கம் கைகூடாமல் கடனே மிஞ்சியது. சென்றவருள் பலர் அங்கேயே தங்கிவிட்டனர். அவ்வாண்டின் அனைத்து அயர்லாந்துப் போட்டி முடிவு பெறாமலே கைவிடப்பட்டது. ஆனால் டிப்பரரி மாவட்டத்தில் கழகப் போட்டி முடிவுற்று, குளோனல்டி ஊர் வாகை சூடியது. நாட்டுப் போட்டி நின்ற ஆண்டிலும் மாவட்டப் போட்டி நிற்கவில்லை என்பது இங்கு நோக்கத்தக்கது.

1890-இல் பார்னலின் தலைமை குறித்து நாடே இரண்டாகப் பிளந்தது. 1891 அக்டோபரில் அவர் இறுதி ஊர்வலத்தில் இரண்டாயிரம் ஹர்லிங் வீரர் கருந்துணி சுற்றிய மட்டைகளை ஏந்தி நடந்தனர். அந்தச் சார்புக்குச் சங்கம் கொடுத்த விலை பெரிது. கழகங்கள் பல கலைந்தன. 1894-இல் அது பத்தாண்டை நிறைவு செய்தபோது, தொடக்ககாலப் பெருக்கத்தின் நிழலாகவே இருந்தது. பின் இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில், 1893-இல் தோன்றிய கேலிக் மொழிச் சங்கம் வளர்த்த மொழியுணர்வோடு சேர்ந்து அது மீண்டும் தழைத்தது. அணியினர் தொகை 1892-இல் பதினேழாகவும் 1913-இல் பதினைந்தாகவும் குறைந்தது. மாவட்ட அணி பல கழகத்தாரையும் கொண்டதாக மாறியது. டப்ளினில் 82,000 பேருக்கு மேல் கொள்ளத்தக்க குரோக் அரங்கம் எழுந்தது. 2018-இல் யுனெஸ்கோ நிறுவனம் ஹர்லிங்கை மனிதகுலத்தின் மரபுச் செல்வங்களுள் ஒன்றாக ஏற்றது.

ஆயினும் அடித்தளம் மாறவில்லை. ஒவ்வோராண்டும் அந்நாட்டு மாவட்டங்களில் கழகப் போட்டிகள் நடைபெறுகின்றன. ஆடுவோர் ஊதியம் பெறுவதில்லை. பொதுவாக ஒருவன் தான் பிறந்து வாழும் ஊருக்கே ஆடுகிறான்; அவன் தந்தையும் தந்தையின் தந்தையும் அவ்வூருக்கே ஆடியிருப்பர். 1888-இல் வாகை சூடிய குளோனல்டி, ரோஸ்மோரோடு இணைந்த கழகமாக, அடுத்த மாவட்ட வாகையை 1989-இல் சூடியது. இடையில் கடந்தவை 101 ஆண்டுகள். இரு போர்களும் ஒரு நாட்டு விடுதலையும் நாலைந்து தலைமுறைகளும் அவ்விடைவெளியில் அடங்கும். அத்தனை ஆண்டும் அவ்வூரார் வெல்லாமலே ஆடினர். நாடு தழுவிய கழகப் போட்டி தொடங்கப்பெற்றபோது அதன் முதல் இறுதியாட்டமும் 1971-இல் பிர் நகரிலேயே நடந்தது. வென்றது டிப்பரரி மாவட்டத்து ராஸ்கிரே ஊர்.

கியூசாக் 1906-இல் மறைந்தார். ஜாய்ஸ் 1922-இல் வெளியிட்ட 'யுலிசீஸ்' நாவலில் வரும் வாய்வீச்சுக்காரக் குடிமகன் அவரை மனத்தில் கொண்டு படைக்கப்பட்டவன் என்பர். நாவல் நகைத்த அம்மனிதர் விட்டுச்சென்ற ஆட்டத்தை இன்றும் ஞாயிறுதோறும் ஊர்கள் ஆடுகின்றன. நிறுவனர் விலக்கப்படலாம், தலைமை பிளவுபடலாம், பதக்கம் காலந்தாழ்ந்து வரலாம். பொது விதியை ஏற்று, தம் இடத்தின் பெயரால், வெற்றியை எதிர்பார்த்தும் அது வாராதபோது கலையாமலும் கூடுவோர் சிலர் இருக்கும்வரை ஒரு சங்கம் இருக்கும். மொழிக்கெனக் கூடும் சங்கங்களுக்கும் இது பொருந்தும். பிர் நகரத்து வயலில் அன்று நின்ற நாற்பத்திருவரும் வரலாறு படைப்பதாக எண்ணி நின்றிருக்கமாட்டார்கள். அவர்கள் தத்தம் ஊருக்காக ஆட வந்தவர்கள். ஆடி முடித்து ஊர் திரும்பினர்.